மண்டபத்தின் பின்கட்டு

ஒரு கல்யாணம் எவ்வளவு சிறப்பாக நடந்தது என்பதை அறிய விரும்புகிறவர்கள் மணமேடையைப் பார்க்கிறார்கள், பந்தியைப் பார்க்கிறார்கள், மணப்பெண்ணின் கழுத்தைப் பார்க்கிறார்கள்; நானோ சில ஆண்டுகளாக, தாம்பூலப் பையை வாங்கிக்கொண்டு விடைபெறுவதற்கு முன், சமையற்கட்டைத் தாண்டிச் சென்று மண்டபத்தின் பின்புறத்தை ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு வருகிறேன். இது மரியாதைக்கு உகந்த பழக்கம் அன்று என்று வீட்டில் என்னைக் கடிந்துகொள்வதுண்டு; ஆயினும் மேடையில் காணக் கிடைக்காத பல உண்மைகள் அங்கே கிடப்பதால் அதை விட மனம் வரவில்லை. சென்ற வைகாசியில் ஒரு முகூர்த்தத்தன்று அப்படிப் பார்த்தபோது, நல்ல நுனி இலைகள் மடித்தது மடித்தபடி குவிந்திருக்க, அவற்றின் இடையிடையே ஐஸ்கிரீம் கிண்ணங்களும், பந்திக்குப் பந்தி மேஜையில் விரித்துச் சுருட்டி எறிந்த தாள்களும், இரண்டு மிடறு மட்டுமே பருகி முக்கால் பாகம் நீரோடு மூடி திருகப்பட்ட குட்டிப் பாட்டில்களும் புதைந்து கிடந்தன. வேலியோரம் ஒரு பசு நின்று, இலையை இழுத்துத் தின்றுகொண்டிருந்தது. இலையோடு வேறு எவையெல்லாம் அதன் வயிற்றுக்குள் போயின என்பதை அதுவும் அறியாது, மேடையில் புகைப்படத்துக்கு நின்றவர்களும் அறியார்.

இந்தப் பின்கட்டைப் பற்றிக் கவலைப்படுகிற மணமக்கள் இப்போது அங்கங்கே தோன்றத் தொடங்கியிருக்கிறார்கள். ‘பசுமைத் திருமணம்’ என்றும் ‘குப்பையில்லாத் திருமணம்’ என்றும் பெயரிட்டு, விதை பொதிந்த காகிதத்தில் அழைப்பிதழ் அச்சிடுவதும், பாட்டிலுக்குப் பதிலாக எவர்சில்வர் டம்ளரில் தண்ணீர் வைப்பதும், பனையோலைப் பெட்டியில் பலகாரம் கொடுப்பதும், தேங்காய்க்குப் பதிலாக மரக்கன்று வழங்குவதும் நகரங்களில் பரவி வருகின்றன. இதைப் பணம் படைத்தவர்களின் புது மோஸ்தர் என்று ஒதுக்கிவிடுவதற்கில்லை. வெறும் மோஸ்தராகவே நின்றுவிடுகிற பகுதியும் இதில் உண்டு என்பதை மறுப்பதற்கும் இல்லை.

நம் பாட்டனார் காலத்துக் கல்யாணத்துக்கு இப்படியொரு பெயர் தேவைப்படவில்லை. வாசலில் குலையோடு நின்ற வாழைமரம், குருத்தோலைத் தோரணம், தென்னங்கீற்று வேய்ந்த பந்தல், வாழைநாரில் தொடுத்த மாலை, நீரில் கரைத்துவிடும் முளைப்பாலிகை என்று அன்று புழங்கிய வஸ்துக்களில் பெரும்பாலானவை மாட்டின் வயிற்றுக்கோ மண்ணுக்கோ போய்ச் சேர்ந்துவிடுபவை. அதற்காக அந்த நாட்களைப் பொற்காலம் என்று துதிபாட நான் ஒருப்படேன். நாலு நாள், ஐந்து நாள் என்று விவாகம் நடத்தி நிலத்தை ஈடு வைத்த சம்சாரிகளும், ஜாதிக்கொரு பந்தி என்ற அவலமும் அதே காலத்தைச் சேர்ந்தவைதாம். அந்த ஆடம்பரத்தையும் ஏற்றத்தாழ்வையும் எதிர்த்தெழுந்த சுயமரியாதைத் திருமணத்துக்கு 1967-இல் நம் சட்டசபை நிறைவேற்றிய திருத்தம் சட்ட அங்கீகாரம் தந்தது. மாலை மாற்றிக்கொள்வதோடு முடிந்துவிடும் அவ்விவாகம், யாரும் அந்த நோக்கத்தோடு தொடங்காவிட்டாலும், பின்கட்டில் மிகக் குறைந்த குப்பையை விட்டுச் செல்லும் விவாகமாகவும் அமைந்தது.

இலைக்கும் செம்புக்கும் பதிலாகப் புதுப் பொருள்கள் நுழைந்தபோது அவை ஒவ்வொன்றும் சௌகரியம் என்ற பெயரிலேயே நுழைந்தன. ஒருமுறை உபயோகித்து எறிகிற 14 வகைப் பிளாஸ்டிக் பொருள்களைத் தமிழக அரசு 2019-ஆம் ஆண்டு ஜனவரி முதல் தேதியிலிருந்து தடை செய்தது. அந்தப் பட்டியலைப் படிக்கும்போது ஏதோ கல்யாணச் சாமான் பட்டியலைப் படிப்பதுபோன்ற உணர்ச்சியே எனக்கு உண்டாயிற்று. உணவு மேஜையில் விரிக்கும் பிளாஸ்டிக் தாள், பிளாஸ்டிக் பூசிய காகிதத் தட்டு, அதே பூச்சுடைய காகிதக் கோப்பை, தெர்மோகோல் தட்டு, தண்ணீர்ப் பாக்கெட், உறிஞ்சுகுழல் எல்லாம் அதில் இருக்கின்றன. தண்ணீர் பாட்டில் மட்டும் இல்லை. ‘காகிதந்தானே’ என்று நாம் நிம்மதியாகக் காப்பி குடிக்கிற கோப்பையின் உட்புறத்தில் மெல்லிய பாலிஎத்திலீன் படலம் ஒன்று ஒட்டியிருப்பதாலேயே காப்பி ஒழுகாமல் நிற்கிறது. அந்தப் படலமே அது மக்காமல் போவதற்கும் காரணம்.

இதைவிட நூதனமான ஏமாற்று, ‘நான்-ஓவன்’ பை. பார்வைக்கும் தொடுவதற்கும் துணிபோலவே இருக்கும் அது பாலிபுரொப்பிலீன் என்ற பிளாஸ்டிக்கின் இழைகளை அழுத்திச் செய்தது. அதுவும் மேற்படி 14-இல் ஒன்று. சந்தேகமானால் ஓர் இழையைப் பிரித்துத் தீக்குச்சியில் காட்டிப் பார்க்கலாம்: பருத்தி எரிந்து சாம்பலாகும், இதுவோ உருகிச் சுருண்டு கடுகளவு மணியாக உறையும். மணமக்கள் பெயர் அச்சிட்ட மஞ்சள் துணிப்பையில் தேங்காயும் வெற்றிலையும் போட்டுக் கொடுத்த நாம், பிறகு அந்தப் பையைக் கையில் பிடிப்பதே பட்டிக்காட்டு லட்சணம் என்று நகைத்தோம். 2021 டிசம்பரில் அரசாங்கமே ‘மீண்டும் மஞ்சப்பை’ என்று ஓர் இயக்கம் தொடங்கி அதைக் கைப்பிடித்து அழைத்து வரவேண்டியதாயிற்று.

இவ்விஷயத்தில் கேரளம் நம்மைவிட ஓரடி முன்னே நிற்கிறது. 2015-இல் அங்கு நடந்த தேசிய விளையாட்டுப் போட்டிகளில் சுசித்வ மிஷன் என்ற அரசு அமைப்பு கைக்கொண்ட ‘பசுமை நெறிமுறை’, பின்னர் கல்யாண மண்டபங்களுக்கும் விரிந்தது. சேர்ந்த குப்பையை அள்ளுவது எப்படி என்று யோசியாமல், குப்பையாகக்கூடிய பொருளை வாசலிலேயே தடுப்பது எப்படி என்று யோசிப்பதே அதன் சாரம். பெங்களூரில் அதம்ய சேதனா என்ற தொண்டு நிறுவனம், விசேஷங்களுக்கு எவர்சில்வர் தட்டும் டம்ளரும் கொடுத்து வாங்கும் ‘தட்டு வங்கி’ ஒன்றை நடத்துகிறது. ஊர்ப் பொதுவில் அண்டாவும் குத்துவிளக்கும் ஜமக்காளமும் வாங்கி வைத்து, கல்யாண வீட்டாருக்குக் கொடுத்து வாங்கிக்கொண்டிருந்த நம் கிராமங்கள் இந்த வங்கியைக் கேள்விப்பட்டால் சிரிக்கும் என்று நினைக்கிறேன்.

ஆனால் பின்கட்டில் கிடப்பவற்றுள் கனம் மிகுந்தது பிளாஸ்டிக் அன்று, அன்னமே. பெங்களூர் வேளாண் பல்கலைக்கழகத்தார் 2012-இல் வெளியிட்ட ஆய்வொன்று, அந்த ஒரு நகரத்துக் கல்யாணங்களில் மாத்திரம் ஆண்டுதோறும் 943 டன் நல்ல உணவு வீணாவதாகக் கணக்கிட்டது. ஒரு கிலோ அரிசி விளைய ஏறத்தாழ 2500 லிட்டர் நீர் செலவாகிறது என்பதை இதனோடு சேர்த்து எண்ணிப் பார்க்கவேண்டும். அப்படி விளைந்த சோறு குப்பைமேட்டில் காற்றுப் புகாமல் அழுகும்போது மீத்தேன் என்ற வாயு உண்டாகிறது. நூறாண்டுக் கணக்கில் பார்த்தால், அது கரியமில வாயுவைப்போல் சுமார் 28 மடங்கு வெப்பத்தைப் பூமியில் பிடித்து வைக்கக்கூடியது. எளிதில் தீப்பற்றும் அவ்வாயு நிறைந்த மேடுகள் எரியத் தொடங்கினால் அணைப்பது எத்தனை கஷ்டம் என்பதை, 2022 ஏப்ரலில் பெருங்குடிக் குப்பைமேடு எரிந்தபோது சென்னைவாசிகள் கண்ணெரியக் கண்டார்கள்.

சோறு எங்கே வீணாகிறது என்று பல பந்திகளில் உட்கார்ந்து கவனித்ததில் எனக்குத் தெரியவந்த காரணம் மிகச் சாதாரணமானது. முன்பெல்லாம் ஆள் உட்கார்ந்த பிறகு இலை போட்டு, முகம் பார்த்துப் பரிமாறினார்கள். கையைக் குறுக்கே காட்டி ‘போதும்’ என்று சொல்ல நமக்கு ஒரு சந்தர்ப்பம் இருந்தது. இப்போதோ ஆள் வருமுன்பே இருபது இருபத்தைந்து பதார்த்தங்களை இலையில் அடுக்கி வைத்துவிடுகிறார்கள். சர்க்கரை நோயாளியின் இலையிலும் இரண்டு இனிப்பு, பல் விழுந்தவர் இலையிலும் முறுமுறு வடை, நாலு வயதுக் குழந்தையின் இலையிலும் முழுச் சாப்பாடு! முப்பது ஆண்டுகளாகக் கல்யாணச் சமையல் செய்துவரும் ஒரு பெரியவரிடம் இதைச் சொன்னேன். “பத்திரிகைக் கணக்கு வேற, இலைக் கணக்கு வேற ஐயா. எத்தனை இலை விழும்னு எங்களுக்குத் தெரியும். ஆனா குறைஞ்சுட்டா மானம் போயிடும்னு வீட்டுக்காரங்க எரநூறு இலை கூட்டிச் சொல்லுவாங்க. அந்த எரநூறு இலை பயத்துக்குப் போடுற சாப்பாடு,” என்றார் அவர்.

அண்டாவில் மிஞ்சியதைக் காப்பாற்ற வழியுண்டு. கோயம்புத்தூரில் 2014-இல் தொடங்கிய ‘நோ ஃபுட் வேஸ்ட்’ போன்ற அமைப்புகள் மண்டபத்துக்கே வந்து உணவை எடுத்துச் சென்று பசித்தவர்களுக்கு விநியோகிக்கின்றன. முன்கூட்டியே தகவல் சொல்லிவைப்பதும், தேங்காய் அரைத்த பதார்த்தங்கள் சீக்கிரம் ஊசிப்போகுமாதலால் கடைசிப் பந்தி எழுந்த கையோடு அவற்றைப் பிரித்துவைப்பதும் கல்யாண வீட்டார் செய்யவேண்டியவை. இலையில் மிஞ்சியதை மட்டும் எந்தத் தர்மவானாலும் மீட்க முடியாது.

மேடை அலங்காரத்தைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. அலங்காரக்காரர்கள் ‘ஓயாசிஸ்’ என்று அழைக்கும் பச்சை நுரைக்கட்டியில்தான் இன்று பூக்கள் குத்தப்படுகின்றன. அது பீனால் பார்மால்டிஹைடு என்ற ரசாயனத்தால் ஆனது, மக்காமல் பொடிப்பொடியாக உதிரும். வாழைநாரில் தொடுத்தால் அந்தத் தொல்லை இல்லை. விதைக் காகித அழைப்பிதழைப் பொறுத்தவரை, எனக்கு வந்த மூன்றில் ஒன்றைத்தான் நான் நனைத்து மண்ணில் புதைத்தேன் என்று வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன். (துளசி முளைத்தது, பூனை கிளறிவிட்டது.) இருபது கார்களில் தனித்தனியே போவதைவிட, மாப்பிள்ளை வீட்டார் ஒரே பஸ்ஸில் பாட்டும் கிண்டலுமாகப் போய் இறங்குவது இவை எல்லாவற்றிலும் பெரிய பசுமை.

யாரும் வாய் திறக்காத விஷயம் பொன். இந்தியா ஆண்டுதோறும் இறக்குமதி செய்யும் தங்கம் பெரும்பாலும் 700, 800 டன் என்ற அளவில் இருக்கிறது. அதில் கணிசமான பங்கு கல்யாண நகையாகிறது. பொன் மண்ணிலிருந்து வருகிற கதையைக் காண வெளிநாடு போகவேண்டியதில்லை. பல தலைமுறைத் தமிழ்த் தொழிலாளர் குடும்பங்கள் உழைத்த கோலார் தங்கவயல் 2001-இல் மூடப்பட்டுவிட்டது. ஆனால் தாதுவை அரைத்துச் சயனைடு கரைசலால் பொன்னைப் பிரித்தபின் கொட்டிய கழிவு மணல், இன்றும் சாம்பல் நிறக் குன்றுகளாக ஊரைச் சுற்றி நிற்கிறது. காற்று வீசினால் அந்த மணல் பறந்து வீடுகளுக்குள் வந்து விழுகிறது. பட்டுக்கும் இப்படியொரு பின்கட்டு உண்டு; கூட்டுப்புழுக்களை வெந்நீரில் இட்டே நூல் எடுப்பதைச் சுட்டி, காஞ்சி சந்திரசேகரேந்திர சரஸ்வதி சுவாமிகள் பட்டைத் தவிர்க்கும்படி உபதேசித்தார். அவரிடம் மிகுந்த பக்தியுடைய குடும்பங்களும் இந்த ஓர் உபதேசத்தை மட்டும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. பாட்டியின் புடவையையும் அம்மாவின் காசுமாலையையும் அணிந்து மேடையேறும் பெண்கள் சிலரை இப்போது காண்கிறேன். விதைக் காகிதத்தைவிட அது பன்மடங்கு பெரிய காரியம்.

மரக்கன்றுகளைப் பற்றி ஒரு வார்த்தை. விருந்தினர் கையில் கொடுக்கும் கன்றுகள் பல, காரின் பின்பெட்டியிலேயே வாடிப் போகின்றன. அதற்கு யாரும் பொறுப்பில்லை. உத்தராகண்ட் மாநிலத்தின் சமோலி மாவட்டத்திலுள்ள குவால்தம் என்ற மலையூரில், உயிரியல் ஆசிரியர் கல்யாண் சிங் ராவத் 1995-இல் தொடங்கிய ‘மைத்தி’ இயக்கம் இந்தச் சிக்கலை அழகாக அவிழ்த்தது. ‘மைத்’ என்றால் அம்மலைப் பேச்சில் பெண்ணின் பிறந்தகம். கல்யாணத்தன்று மணமக்கள் இருவரும் சேர்ந்து பெண்ணின் பிறந்த வீட்டருகே ஒரு கன்று நடுகிறார்கள். கன்றை வளர்த்துத் தருகிற ஊர்ப் பெண்களுக்கு மாப்பிள்ளை ஒரு சிறு தொகை அன்பளிப்பாகக் கொடுக்கிறார். பெண் புக்ககம் போனபின், மகளை நினைத்துக்கொண்டு தாய் அதற்குத் தண்ணீர் ஊற்றுகிறாள். மகள் பெயரால் நட்ட மரத்தை வாடவிட எந்தத் தாய்க்கு மனம் வரும்? ராவத்துக்கு 2020-இல் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. நம்மிலும் கல்யாண முருங்கைக் கொம்பை அரசாணிக்காலாக நட்டு, விவாகம் முடிந்தபின் அதைக் கொல்லையில் ஊன்றி, துளிர்க்கிறதா என்று ஆவலோடு பார்த்திருந்த குடும்பங்கள் உண்டு.

போன ஆவணியில் தாமிரபரணிக் கரையில் ஒரு சிற்றூர்க் கல்யாணத்துக்குப் போயிருந்தேன். பசுமை என்று யாரும் அங்கே பேசவில்லை. ஆனால் பின்கட்டில் பாட்டில் இல்லை, தாள் இல்லை. ஒரு கிழவி மட்டும் எச்சில் இலைக் குவியலின் முன் குந்தியிருந்து, ஒவ்வோர் இலையாகப் பிரித்து, எதையோ பொறுக்கி மடியில் போட்டுவிட்டு இலையைக் கூடையில் எறிந்துகொண்டிருந்தாள். என்ன பொறுக்குகிறாய் ஆச்சி என்று கேட்டேன். மடியை விரித்துக் காட்டினாள்: பீடா மடிப்பைக் குத்தி வைக்கிற பல்குச்சிகள், ஒரு கைப்பிடி.

“மாட்டுத் தொண்டையில குத்தும்லா?” என்றாள். “முன்னெல்லாம் கிராம்பைக் குத்தித்தான குடுப்பாவ.”