கழுத்திலே கயிறு, கையிலே காமிரா!

பூத்துக் குலுங்கும் தோட்டம், பந்தாடும் வாலிபர், ஆற்றிலே நீந்துவோர், இசை கேட்டு இன்புறும் முதியோர், பாட்டுப் பாடும் பிஞ்சுகள்! 1944-ஆம் ஆண்டு ஆகஸ்டு, செப்டம்பர் மாதங்களிலே எடுக்கப்பட்ட படம் இது. பார்ப்போர், இன்பபுரி என்றே எண்ணுவர். இன்பபுரியா? எமபுரியின் தலைவாயில்!

செக் நாட்டு மண்ணிலே நாஜிகள் அமைத்த டெரேசியன்ஸ்டாட் எனும் யூதச் சிறை அது. அங்கு அடைக்கப்பட்டோர் சுமார் 1,40,000 பேர். பசியாலும் பிணியாலும் அங்கேயே மாண்டோர் சுமார் 33,000. ஆஷ்விட்ஸ் முதலான கொலைக்களங்களுக்கு அனுப்பப்பட்டோர் சுமார் 88,000!

இந்தப் பொய்யைப் படமாக்கியவர் யார்? இட்லரின் அடிவருடியா? இல்லை, அவரும் அங்கே ஒரு கைதி. பெயர், கூர்ட் கெரோன்.

1897-ல் பெர்லினிலே பிறந்தவர். முதல் உலகப் போரிலே ஜெர்மனிக்காகப் போரிட்டுப் படுகாயமுற்றவர். மருத்துவம் படிக்கச் சென்றவரை நாடகமேடை அழைத்துக்கொண்டது. 1928-ல் பிரெக்டின் 'மூன்று காசு இசைநாடகம்' அரங்கேறியபோது, கத்திக்காரன் மாக்கியின் பாடலைப் பாடியவர் அவரே. 1930-ல் 'நீல தேவதை' படத்திலே மர்லீன் டீட்ரிச்சுடன் மாயவித்தைக்காரராக நடித்தார். பிறகு இயக்குநராகவும் உயர்ந்தார்.

1933 வந்தது. இட்லர் ஆட்சி வந்தது. நாட்டுக்காக இரத்தம் சிந்தியவரை, "நீ யூதன், வெளியே போ!" என்று படப்பிடிப்பிலிருந்தே துரத்தியது. பாரிஸ், வியன்னா, ஆம்ஸ்டர்டாம் என்று அலைந்தார். ஹாலந்திலே படங்கள் இயக்கினார். 1940-ல் ஹாலந்தையும் நாஜிப்படை விழுங்கிற்று. அதே ஆண்டில் வெளிவந்த 'நிலையான யூதன்' என்ற நச்சுப் படத்திலே, அவர் நடித்த பழைய காட்சிகளையே வெட்டி ஒட்டி, அவர் இனத்தைத் தூற்றினர். திறமையைத் திருடி, அதையே பழிக்கும் பண்பு பாரீர்!

1944-ல் டெரேசியன்ஸ்டாட்டிலே அடைக்கப்பட்டார். அவ்வாண்டு ஜூன் 23-ல் செஞ்சிலுவைச் சங்கத்தினர் அங்கு வந்தனர். அதற்கு முன்பே, நெருக்கடி தெரியாதிருக்க, 7,500 பேரை ஆஷ்விட்சுக்கு ஏற்றி அனுப்பிவிட்டு, சுவருக்குச் சாயம் பூசி வைத்தனர் நாஜிகள். வந்தவர் ஏமாந்தனர். உலகையே ஏமாற்றலாமே என்று கெரோனைப் படமெடுக்கப் பணித்தனர். எடுத்தார். படப்பிடிப்பு முடிந்தது, ரயில்கள் புறப்பட்டன. பாடிய சிறுவர்களிலே பெரும்பாலோர் அவற்றிலே ஏற்றப்பட்டனர். அக்டோபர் 28-ல் ஆஷ்விட்சுக்குப் புறப்பட்ட கடைசி ரயிலிலே கெரோனும் அவர் மனைவி ஓல்காவும்! நச்சுப்புகை 47 வயதிலே அவர் கதையை முடித்தது.

பொய்க்குத் துணைபோனாரே என்று கெரோனைப் பழிப்போர் உண்டு. அவர் செய்தது சரி என்று வாதாட நாம் முன்வரவில்லை. ஆனால் கழுத்திலே கயிறு மாட்டப்பட்ட மனிதனைக் கூண்டிலே நிறுத்துமுன், இன்னொரு மனிதனையும் பாருங்கள் என்கிறோம்.

வைட் ஹார்லான். அவரும் பெர்லின்காரர், அவரும் நடிகர், அவரும் இயக்குநர். யூதரை இழித்துரைத்த 'யூதன் சூஸ்' படத்தை 1940-ல் எடுத்தவர். அதை எஸ்.எஸ். படையினருக்குப் போட்டுக்காட்ட உத்தரவிட்டான் இம்லர். போருக்குப் பின் வழக்கு வந்தபோது, "கோயபல்ஸ் கட்டாயப்படுத்தினார்" என்றார் ஹார்லான். 1949-லும் 1950-லும் விடுதலை பெற்றார். மீண்டும் படமெடுத்தார்; 1964-ல் காப்ரி தீவிலே காலமானார்.

கட்டாயம் என்று சொன்னவர் பிழைத்தார்; கட்டாயத்தின் கைதியோ சாம்பலானார். அந்தச் சொல்லைச் சொல்ல, கெரோனுக்கு ஒரு நீதிமன்றம் கிடைத்ததா?

கெரோன் எடுத்த படம் முழுதாக மிஞ்சவில்லை, துண்டுகளே உள்ளன. அவற்றிலே அந்தப் பிள்ளைகள் இன்றும் பாடுகின்றனர். காண்போர் எவரும் இன்பபுரி என்று ஏமாறுவதில்லை. உலகை ஏமாற்ற எடுக்கச்சொன்ன படம், எடுக்கச்சொன்னவன் மீதே சாட்சி சொல்கிறது!