கோணமலையில் ஒரு பகல்

திருகோணமலையில் ஒரு முச்சக்கர வண்டியை நாள் வாடகைக்குப் பேசிக்கொண்டால், பழைய தலங்கள் சிலவற்றை ஒரே பகலில் பார்த்துவிடலாம்.

வெயில் ஏறுமுன் கோணேசர் கோயில். போகும் வழியே பிரெட்ரிக் கோட்டை வாசல்தான். 1620களில் போர்த்துக்கேயர் பழைய கோயிலை இடித்து, அந்தக் கல்லைக்கொண்டே கோட்டை கட்டினார்கள். இரட்டைக் கயலும் தமிழ் எழுத்தும் பொறித்த கல் வாசலில் இன்றும் இருக்கிறது. கோயில் நிற்கும் மலையின் அடிக் கடலில் கிடந்த பழைய கோயில் தூண்களை 1956இல் மைக் வில்சனும் ஆர்தர் சி. கிளார்க்கும் மூழ்கிக் கண்டார்கள்.

அடுத்தது கன்னியா. ஏழு வெந்நீர்க் கிணறுகள், ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு சூடு. வாளியால் அள்ளித் தலையில் ஊற்றிக்கொள்ளலாம்.

பிற்பகலில் பெரியகுளம் பக்கம் வெல்கம் விகாரை. சோழர் காலத்தில் இராசராசப் பெரும்பள்ளி எனப் பெயர்பெற்ற பௌத்தப் பள்ளி இது. தமிழ்க் கல்வெட்டுகளும் இங்கே உண்டு.