வாய் திறக்காத ஷெர்லாக் ஹோம்ஸ்

நேரலையில் ஐந்து விநாடி சத்தமில்லாமல் போனாலே எங்களுக்கு வியர்த்துவிடும். நேயர்கள் அலைவரிசையை மாற்றிவிடுவார்களே! அப்படிப்பட்ட எனக்கு, டென்மார்க்கின் மௌனத் துப்பறியும் படங்களைப் பற்றிப் படித்ததும் ஒரு சந்தேகம். பேசாமல் ஷெர்லாக் ஹோம்ஸ் எப்படித் துப்புத் துலக்குவார்? காலணிச் சேற்றைப் பார்த்தே ஆள் எங்கிருந்து வருகிறார் என்று சொல்லும் சாமர்த்தியமெல்லாம் பேச்சில்தானே இருக்கிறது?

டென்மார்க்காரர்கள் தலையைப் பிய்த்துக்கொள்ளவில்லை. ஹோம்ஸை யோசிக்க விடாமல் ஓடவிட்டார்கள்.

ஓலெ ஓல்சன் 1906இல் கோப்பன்ஹேகனில் தொடங்கிய நோர்டிஸ்க் நிறுவனம், 1908இல் 'உயிராபத்தில் ஷெர்லாக் ஹோம்ஸ்' என்ற படத்தை வெளியிட்டது. இயக்கமும் ஹோம்ஸ் வேடமும் விகோ லார்சன். எதிரி யார் தெரியுமா? கனவான் திருடன் ராஃபிள்ஸ். ஹோல்கர் மேட்சன் நடித்தார். ராஃபிள்ஸைப் படைத்த ஹார்னங், கோனன் டாயிலின் தங்கை கணவர். மச்சான்கள் இருவரும் தனித்தனிப் புத்தகங்களில் வளர்த்த பாத்திரங்களை ஒரே திரையில் மோதவிட்ட துணிச்சலை என்னவென்பது! அடுத்தடுத்து மேலும் பல ஹோம்ஸ் படங்கள் வந்தன.

பேச்சில்லாதது வியாபாரத்துக்கு வசதியாகவும் இருந்தது. இடையில் வரும் எழுத்து அட்டைகளை மட்டும் மாற்றினால் எந்த நாட்டிலும் ஓட்டலாம். 1908லேயே நோர்டிஸ்க் நியூயார்க்கில் கிளை திறந்துவிட்டது.

ஆனால், எனக்குச் சுவையாகப் பட்டது 1911இல் வந்த 'டாக்டர் கார் எல் ஹாமா'. ஆகே ஹெர்டல் நடித்த இந்த வில்லன் மருத்துவரின் பெயரிலேயே 1918 வரை தொடர்ச்சிப் படங்கள் வந்தன. துப்பறிபவரைவிடத் திருடனுக்குத்தான் மவுசு! மௌனப் படத்தில் அது நியாயமும்கூட. யோசிப்பதைக் காட்டுவது கடினம், கெடுதல் செய்வதைக் காட்டுவது சுலபம். வில்லனுக்கு மட்டும் ஏன் கிழக்கத்தியப் பெயர் என்ற கேள்வி எழாமல் இல்லை. அக்கால ஐரோப்பா நம் பக்கத்து மனிதர்களை எப்படிப் பார்த்தது என்பதற்கு அதுவும் ஒரு சாட்சி.

லார்சன் 1910வாக்கில் ஜெர்மனிக்குப் போய் அங்கும் ஹோம்ஸாக நடித்தார். டென்மார்க்கில் எடுத்த ஹோம்ஸ் படங்களில் பெரும்பாலானவை இன்று இல்லை. எஞ்சிய மௌனப் படங்கள் பலவற்றை டென்மார்க் திரைப்படக் கழகம் இணையத்தில் இலவசமாகத் தருகிறது. ஓர் இரவு, இசைகூட இல்லாமல் ஒன்றைக் கைப்பேசியில் பார்த்தேன். பாதியில் அம்மா அறைக்குள் எட்டிப் பார்த்து, "யாரோடம்மா பேசுற?" என்றார்.

அதுவரை இரண்டு பக்க வசனத்தையும் நானே பேசிக்கொண்டிருந்திருக்கிறேன்.