கிலுகிலுப்பைச் செடி: உரமா? விஷமா?

ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் இடையே, மேற்குத் தொடர்ச்சி மலையை ஒட்டிய ஊர் மம்சாபுரம். இந்த மலையோரங்களில் வளரும் செடி, கிலுகிலுப்பை. பெரும்பாலும் மஞ்சள் பூ பூக்கும். காய் காய்ந்ததும் ஆட்டிப் பாருங்கள். உள்ளே விதைகள் உருண்டு 'கிலுகிலு' என்று ஒலிக்கும்!

இது அவரைக் குடும்பத்துச் செடி. இதன் உறவுச் செடி ஒன்று அமெரிக்காவில், ஈரமான மலைப் புல்வெளிகளில் வளர்கிறது. பெயர் லூப்பின். 'ஓநாய்' என்ற பொருளுள்ள லத்தீன் சொல்லில் இருந்து வந்த பெயர். மண்ணின் சத்தை விழுங்கிவிடும் என்று எண்ணி அப்படி அழைத்தார்களாம்.

வேரில் உரம்

உண்மை நேர்மாறானது. இந்தச் செடிகளின் வேரில் சிறு முடிச்சுகள் உண்டு. அவற்றில் வாழும் நுண்ணுயிர்கள், காற்றில் உள்ள நைட்ரஜனைப் பிடித்துச் செடிக்குத் தருகின்றன. 1886-ல் ஜெர்மன் விஞ்ஞானி ஹெல்ரீகல் இதை அறிவித்தார். கிலுகிலுப்பை இனத்தைச் சேர்ந்த சணப்பை விதைத்து, பூக்கும் சமயத்தில் உழவர்கள் மடக்கி உழுவது இதற்காகத்தான்.

விதையில் விஷம்

ஆனால் கிலுகிலுப்பை வகைகள் பலவற்றின் விதை, ஈரலைக் கெடுக்கும். லூப்பின் விதையிலும் கசப்பான நஞ்சு உண்டு.

1970-களில், அன்று மத்தியப் பிரதேசத்தில் இருந்த சர்குஜா மாவட்டத்தில் ஒரு துயரம் நடந்தது. வயலில் களையாக வளர்ந்த கிலுகிலுப்பையின் விதை, சாமையில் கலந்துவிட்டது. அதை உண்டவர்களுக்கு ஈரல் கெட்டு, வயிறு வீங்கியது. பலர் மாண்டனர்.

ஆகவே, அறுவடைக்கு முன்பே வயலில் இந்தக் களையைப் பிடுங்கிவிட வேண்டும். தானியத்தை நன்றாகப் புடைத்துப் பொறுக்கிய பிறகே உலையில் போட வேண்டும். குழந்தைகள் காயை வாயில் வைக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.