தாராமதியாக நடித்த சமையற்காரர்

1913 மே 3 அன்று பம்பாயின் கொரனேஷன் அரங்கில் பொதுமக்களுக்குத் திரையிடப்பட்ட 'ராஜா ஹரிச்சந்திரா', இந்தியாவின் முதல் முழுநீளக் கதைப்படமாகப் பரவலாக ஏற்கப்பட்டுள்ளது. அதை உருவாக்கிய தாதாசாகேப் பால்கேயின் பெயரில் 1969 முதல் நடுவண் அரசு விருது வழங்கிவருவதால் அவரை அறியாதவர் குறைவு. அப்படத்தில் அரிச்சந்திரனின் மனைவி தாராமதியாக, அதாவது தமிழ் மரபு சந்திரமதி என்றழைக்கும் அரசியாக நடித்த அண்ணா சாளுங்கேயின் பெயரோ ஆய்வாளர்களைத் தாண்டி அதிகம் பரவவில்லை.

சாளுங்கே ஓர் ஆண். தமிழ் நாடகத்தில் 'ஸ்திரீபார்ட்' எனப்பட்டதைப் போலவே மராத்தி மேடையிலும் பெண் வேடங்களை ஆண்களே ஏற்றுவந்த காலம் அது. படப்பிடிப்பு நாடக மேடையை விடவும் இழிவாகக் கருதப்பட்டதால், பால்கே விளம்பரம் செய்தும், உடலை விற்றுப் பிழைக்கும் நிலையிலிருந்த பெண்களை அணுகியும்கூட, நடிப்பதற்கு ஒரு பெண் கிடைக்கவில்லை. இறுதியில் கிராண்ட் ரோடு உணவு விடுதி ஒன்றில் மாதம் 10 ரூபாய்க்குச் சமையல் வேலை பார்த்துக்கொண்டிருந்த சாளுங்கேயின் மெலிந்த உடல்வாகும் மென்மையான கைகளும் பால்கேயின் கண்ணில் பட, 15 ரூபாய் ஊதியத்தில் அவர் அரசியானார்.

மௌனப் படத்தில் குரலுக்கு இடமில்லை; கதையை விளக்கக் காட்சிகளுக்கு நடுவே எழுத்து அட்டைகள் தோன்றினாலும், துயரத்தையும் மானத்தையும் முகமும் கையுமே சொல்லியாக வேண்டும். அந்தப் பொறுப்பை, தமக்கு முன்மாதிரியாக ஒரு நடிகையும் இல்லாத நிலையில் சுமந்த சாளுங்கே, 1917இல் வெளிவந்த 'லங்கா தகனம்' படத்தில் இராமனாகவும் சீதையாகவும் தாமே நடித்து, இந்தியத் திரையின் முதல் இரட்டை வேடத்தையும் ஏற்றார். திரையில் இராமன் தோன்றியதும் பார்வையாளர்கள் காலணிகளைக் கழற்றினர் என்று பதிவாகியிருக்கும் செய்தி, அந்த நடிப்புக்குக் கிடைத்த மரியாதையையும் சேர்த்தே காட்டுகிறது.

'ராஜா ஹரிச்சந்திரா'வுக்கு அடுத்து பால்கே எடுத்த 'மோகினி பஸ்மாசுர'னில்தான் பெண்கள் துணிந்து வந்தனர். கணவரைப் பிரிந்து நாடகத்தை நம்பி வாழ்ந்த துர்காபாய் காமத் பார்வதியாகவும், பதின்வயதை அப்போதுதான் எட்டியிருந்த அவருடைய மகள் கமலாபாய் மோகினியாகவும் நடித்தனர். சமூகம் பழித்த தொழிலில் தாயும் மகளும் ஒன்றாக அடியெடுத்து வைத்த அந்தத் துணிச்சல், பால்கேயின் தொழில்நுட்பச் சாதனைக்குச் சற்றும் குறைந்ததன்று. கமலாபாய் 1997 வரை வாழ்ந்தார். மகன் சந்திரகாந்த் கோகலேயும் பேரன் விக்ரம் கோகலேயும் நடிகர்களாயினர்.

1919இல் வந்த 'காளிய மர்தன'த்தில் சிறுவன் கிருஷ்ணனாகத் தோன்றியவர் பால்கேயின் மகள் மந்தாகினி. ஆண் பெண் வேடமிட்ட அதே திரையில், சில ஆண்டுகளுக்குள் ஒரு சிறுமி ஆண் வேடமிட்டிருக்கிறாள். படத்தின் தொடக்கத்தில் அவளுடைய முகபாவங்களை மட்டும் தனியே காட்டிய பிறகே பால்கே கதைக்குள் செல்கிறார். நடிப்பவரின் ஆற்றலை அவர் எவ்வளவு மதித்தார் என்பதற்கு இதைவிட நல்ல சான்று தேவையில்லை.

திரைப்பட வரலாற்றைச் சொல்லும் நூல்கள் 1913ஐக் குறிப்பிடும்போதெல்லாம் பால்கேயின் பெயருக்கு அடுத்து சாளுங்கே, துர்காபாய், கமலாபாய் ஆகியோரின் பெயர்களையும் அச்சிட வேண்டும்.