தட்டுகள் பறக்கும் வீடுகள்



ஞாயிறு மாலை. வீட்டில் வாக்குவாதம் நடக்கிறது. மின்கட்டணம் கட்ட நாளை கடைசி நாள். அதற்கென எடுத்து வைத்த பணத்தில் பாதியைக் காணவில்லை. அப்பா அம்மாவைக் கேட்கிறார், அம்மா பெரியவனைக் கேட்கிறார், பெரியவன் சின்னவளை முறைக்கிறான். அந்த நேரம் பார்த்து அழைப்பு மணி ஒலிக்கிறது. வீடு சந்திப்புக்காகப் பங்குத்தந்தை வந்திருக்கிறார்!

அடுத்த அரை நிமிடத்தில் என்ன நடக்கும் என்பது நம் எல்லாருக்கும் தெரியும். நாற்காலியில் கிடந்த துணிக்குவியல் கட்டிலுக்கு அடியில் போகிறது. ஒருவரையொருவர் முறைத்துக் கொண்டிருந்தவர்கள் வரிசையாக நின்று தோத்திரம் சொல்கிறார்கள். "எல்லாரும் நல்லா இருக்கீங்களா?" என்று அவர் கேட்க, "உங்க செபத்துல நல்லா இருக்கோம் ஃபாதர்" என்கிறோம். நாம் சொன்னது பொய் அல்ல. ஆனால் முழு உண்மையும் அல்ல.

அழைப்பு மணி ஒலிப்பதற்கு முந்தைய அந்த வீட்டை, துணிக்குவியலோடும் கடன் கணக்கோடும் கூச்சலோடும் அப்படியே காட்டும் தொலைக்காட்சித் தொடர்கள் உண்டு. 'சிட்காம்' என்று அழைக்கப்படும் அரைமணி நேர நகைச்சுவைத் தொடர்களில், உழைப்பாளர் குடும்பங்களைப் பற்றிய தொடர்கள் அவை. அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் அவற்றுக்கு எழுபது ஆண்டு வரலாறு இருக்கிறது. எத்தனையோ பகட்டான தொடர்கள் மறக்கப்பட்டுவிட்டன. இவற்றை மட்டும் மக்கள் திரும்பத் திரும்பப் பார்க்கிறார்கள். ஏன்? இந்தக் கேள்வியை இன்று சற்று சிந்திப்போம்.

வாரம் 62 டாலர்

1955 அக்டோபரில் அமெரிக்காவின் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் 'த ஹனிமூனர்ஸ்' என்ற தொடர் தொடங்கியது. நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில் வாழும் பேருந்து ஓட்டுநர் ரால்ஃப், அவர் மனைவி ஆலிஸ், மாடி வீட்டில் குடியிருக்கும் சாக்கடைத் தொழிலாளி நார்ட்டன், அவர் மனைவி டிரிக்ஸி ஆகியோரைச் சுற்றி நடக்கும் கதை இது. ரால்ஃபின் சம்பளம் வாரத்திற்கு 62 டாலர். வீடு என்று காட்டப்பட்டது ஏறக்குறைய ஒரே அறைதான். ஒரு மேசை, ஓர் அடுப்பு, பாத்திரம் கழுவும் தொட்டி, பழைய ஐஸ்பெட்டி. அவ்வளவே.

தொடரின் முதல் பகுதியின் கதையே தொலைக்காட்சிப் பெட்டியைப் பற்றியதுதான். தனியாக வாங்க வசதியில்லாமல் ரால்ஃபும் நார்ட்டனும் பணம் போட்டுச் சேர்ந்து ஒரு பெட்டி வாங்குகிறார்கள். பிறகு எந்த நிகழ்ச்சியைப் பார்ப்பது என்று சண்டை! விரைவில் பணக்காரனாகிவிட ரால்ஃப் போடும் ஒவ்வொரு திட்டமும் தோற்றுப் போகிறது. ஆனாலும் ஆலிஸ் அவரைக் கைவிடுவதில்லை.

ரால்ஃபாக நடித்த ஜாக்கி கிளீசன் அந்தப் புரூக்ளினிலேயே வறுமையில் வளர்ந்தவர். அவருக்கு ஒன்பது வயதாக இருந்தபோது தந்தை வீட்டை விட்டுப் போனவர் திரும்பவே இல்லை. தாய் சுரங்க ரயில் நிலையத்தில் வேலை செய்து மகனை வளர்த்தார். தொடரில் வரும் வீட்டுக்கு, தாம் சிறுவனாக வாழ்ந்த தெருவின் பெயரையே கிளீசன் வைத்தார். ஓராண்டில் 39 பகுதிகளோடு தொடர் முடிந்துவிட்டது. ஆனால் அந்த 39 பகுதிகளும் பல பத்தாண்டுகள் மறுஒளிபரப்பாயின.

மேசைமேல் ஒரு கோழி

அடுத்து, கத்தோலிக்கரான நமக்கு மிக நெருக்கமான ஒரு குடும்பத்தைப் பார்ப்போம். லிவர்பூலில் பிறந்த கார்லா லேன் எழுதிய 'பிரெட்' என்ற தொடர், 1986 முதல் 1991 வரை பி.பி.சி.யில் வெளிவந்தது. பிரெட் என்றால் ரொட்டி என்று நமக்குத் தெரியும். பேச்சுவழக்கில் பணத்தையும் அது குறிக்கும். அந்நாளைய லிவர்பூலில் துறைமுக வேலைகள் குறைந்து, ஆலைகள் மூடப்பட்டு, வேலையில்லாமை தெருவெங்கும் பரவியிருந்தது. அந்தச் சூழலில் நான்கு மகன்கள், ஒரு மகள், பக்கத்து வீட்டில் தாத்தா என்று எல்லாரையும் கட்டிக் காக்கும் தாய்தான் நெல்லி போஸ்வெல். பக்தியுள்ள கத்தோலிக்கப் பெண்மணி. கணவரோ வேறொரு பெண்ணோடு போய்விட்டவர்.

தொடரில் மறக்க முடியாத காட்சி, சாப்பாட்டு மேசைதான். மேசையில் கோழி வடிவத்தில் ஒரு பாத்திரம் இருக்கும். அன்று சம்பாதித்ததில் தன் பங்கை ஒவ்வொருவரும் அதில் போடுவார்கள். அதிகம் போட்டவனும் உண்டு, சில்லறை போட்டவனும் உண்டு. பிள்ளைகள் எல்லாரும் நேர்வழியில் சம்பாதித்தவர்கள் என்று சொல்லவும் முடியாது. அந்த மேசையில் உணவுக்கு முன் செபமும் உண்டு, ஒரே நேரத்தில் எல்லாரும் கத்துவதும் உண்டு. மகள் அவலின் ஆங்கிலிக்கன் குருவானவர் ஒருவரை மணக்கப் போகிறாள் என்றதும் நெல்லி அடைந்த கலக்கம், கலப்புத் திருமணம் பற்றிப் பேச்செடுத்தாலே நம் வீடுகளில் எழும் கலக்கம்தான்! 1988ஆம் ஆண்டில் இத்தொடரின் ஒரு பகுதியை 2 கோடிக்கும் அதிகமானோர் பார்த்தார்கள்.

அந்தக் கோழிப் பாத்திரத்தைச் சற்று உற்றுப் பாருங்கள். யார் எவ்வளவு போட்டார் என்பது எல்லாருக்கும் தெரியும். ஆனால் சாப்பாடு அந்தக் கணக்குப்படி பரிமாறப்படுவதில்லை.

பிரச்சனை தீர்வதில்லை

1988 அக்டோபரில் அமெரிக்காவில் 'ரோசேன்' தொடர் தொடங்கியது. அப்போது அங்கே முதலிடத்தில் இருந்தது 'த காஸ்பி ஷோ'. அதில் தந்தை மருத்துவர், தாய் வழக்கறிஞர். ரோசேன் குடும்பத்திலோ தாய் பிளாஸ்டிக் ஆலைத் தொழிலாளி, தந்தை டேன் சுவர் அமைக்கும் சிறு ஒப்பந்தக்காரர். மூன்று பிள்ளைகள், பழைய சோபா, கட்டி முடியாத பில்கள். மூன்று பிள்ளைகளின் தாயாகவும் விடுதிப் பணிப்பெண்ணாகவும் இருந்து மேடை நகைச்சுவைக்கு வந்தவர்தான் நாயகி ரோசேன் பார். 1989-90 பருவத்தில் இந்தத் தொடர் காஸ்பி தொடரோடு முதலிடத்தைப் பகிர்ந்து கொண்டது.

முதல் பருவத்தின் இறுதியில், அவமதிக்கும் மேலாளரைச் சகிக்க முடியாமல் ரோசேனும் தோழிகளும் ஆலை வேலையை விட்டு வெளியேறுகிறார்கள். அடுத்த வாரமே நல்ல வேலை கிடைத்துவிடவில்லை. பின்னர் டேன் ஆசையாகத் தொடங்கிய மோட்டார் சைக்கிள் கடை மூடப்படுகிறது. ஒருநாள் வீட்டில் மின்சாரமே துண்டிக்கப்படுகிறது. இருட்டில் நின்றுகொண்டு அவர்கள் கிண்டல் பேசுகிறார்கள். அழ வேண்டிய இடத்தில் சிரிக்கிறார்கள். ஏனென்றால் மறுநாள் காலை எழுந்து பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பியாக வேண்டும்.

இங்கேதான் நம் கேள்விக்கு விடை கிடைக்கிறது என நினைக்கிறோம். மற்றக் கதைகளில் பிரச்சனை தீர்ந்த பிறகே மகிழ்ச்சி வருகிறது. இந்தத் தொடர்களில் பிரச்சனை தீர்வதே இல்லை. ஆனாலும் சாப்பாட்டு மேசை காலியாவதில்லை. பணம் வராத வாரத்திலும் அது வீடுதான். இதைப் பார்க்கும் ஏழைத் தாய், 'நம் வீடு மட்டும்தான் இப்படி என்று நினைத்தோமே' என்று பெருமூச்சு விடுகிறாள். அவள் நெஞ்சிலிருந்து இறங்கும் பாரத்தின் பெயர் வெட்கம். வறுமையைவிட அதிகமாக அழுத்துவது அதுதான்.

தரை துடைக்கும் மாணவன்

2000 ஜனவரி முதல் 2006 மே வரை 151 பகுதிகளாக வந்த 'மால்கம் இன் த மிடில்' இதை இன்னும் ஆழமாகச் சொன்னது. லின்வுட் பூமர் என்பவர் தம் சொந்தச் சிறுவயது நினைவுகளை வைத்து உருவாக்கிய தொடர் இது. தாய் லோயிஸ் ஒரு கடையில் விற்பனையாளர். தந்தை ஹால் சாதாரண அலுவலக ஊழியர். அடங்காத ஆண் பிள்ளைகள். பின்னணியில் சிரிப்பொலி கிடையாது. எங்கே சிரிப்பது என்பதை நாமே முடிவு செய்ய வேண்டும்.

கடைசிப் பகுதியில், அறிவாளி மகன் மால்கமுக்குப் பெரும் சம்பளத்தில் ஒரு வேலை தேடி வருகிறது. அவனைக் கேட்காமலேயே தாய் அதை மறுத்துவிடுகிறாள்! மகன் கொதிக்கிறான். அப்போது அவள் தன் மனத்தைத் திறக்கிறாள். அவன் ஹார்வர்டில் படிக்க வேண்டும். அங்கே தரை துடைத்துச் சம்பாதிக்க வேண்டும். ஒருநாள் நாட்டின் அதிபராக வேண்டும். எல்லாரையும்விடக் கடினமாக உழைத்தும் ஏளனம் செய்யப்படுவது என்ன என்று அறிந்த ஒருவன் அந்த நாற்காலியில் அமர்ந்தால்தான், தங்களைப் போன்றவர்களை நினைத்துப் பார்ப்பான் என்பது அவள் வாதம். மால்கம் கல்லூரியில் துப்புரவுப் பணி செய்துகொண்டே படிப்பதோடு தொடர் முடிகிறது.

மகனைக் கேட்காமல் முடிவெடுத்தது சரியா என்று நாம் வாதிடலாம். ஆனால் அந்தத் தாய்க்குத் தன் வறுமை இனி மறைக்க வேண்டிய வெட்கம் அல்ல. மகனுக்குத் தரும் சீதனம். அந்தக் குடும்பத்தை மக்கள் மறக்கவில்லை. தொடர் முடிந்து பதினெட்டு ஆண்டுகளுக்குப் பின், அதே நடிகர்கள் சிலரோடு புதிய பகுதிகள் வரும் என்று 2024 டிசம்பரில் அறிவிக்கப்பட்டது.

யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்?

இங்கே ஓர் எச்சரிக்கையும் தேவை. ஏழையோடு சேர்ந்து சிரிப்பது வேறு, ஏழையைப் பார்த்துச் சிரிப்பது வேறு. 'பிரெட்' வந்த காலத்திலேயே, தங்கள் நகரத்தாரை உதவித்தொகைக்காக ஏமாற்றுபவர்களாகக் காட்டுகிறது என்று லிவர்பூல் மக்கள் பலர் வருந்தினார்கள். அந்த வருத்தத்தில் நியாயம் உண்டு. அந்த வாழ்க்கையை வாழ்ந்தவர் சொல்லும்போது நகைச்சுவையாக இருப்பது, வசதியான நாற்காலியில் இருந்து சொல்லும்போது ஏளனமாகிவிடுகிறது.

இன்னொன்றும் உண்டு. 'த ஹனிமூனர்ஸ்' தொடரில் கோபம் வந்தால் ரால்ஃப் முட்டியை உயர்த்தி, மனைவியை நிலவுக்கே அனுப்பிவிடுவதாக மிரட்டுவார். ஒருமுறைகூட அடித்ததில்லை. ஆலிஸும் அஞ்சியதில்லை. அன்று அரங்கம் சிரித்தது. இன்று நமக்குச் சிரிப்பு வரவில்லை. ஏனெனில் எத்தனையோ வீடுகளில் உயர்ந்த கை கீழே இறங்கிவிடுகிறது. "எல்லா வீட்டிலும் இப்படித்தான்" என்ற சொல் வெட்கத்தைப் போக்க உதவும். வன்முறையை மறைக்க உதவக் கூடாது. குடியும் அடியும் உள்ள வீட்டில் தேவைப்படுவது நகைச்சுவை அல்ல, உதவி.

தச்சர் வீடு

2015 செப்டம்பரில் அமெரிக்காவின் பிலடெல்பியாவில் நடந்த உலகக் குடும்பங்கள் மாநாட்டில், மறைந்த நம் திருத்தந்தை பிரான்சிஸ் தயாரித்திருந்த உரையை ஒதுக்கிவிட்டு மனம்விட்டுப் பேசினார். குடும்பங்களில் சண்டை வரும், சில வேளைகளில் தட்டுகளும் பறக்கும், பிள்ளைகள் தலைவலி தருவார்கள் என்றார். மாமியாரைப் பற்றிப் பேசப் போவதில்லை என்று சொல்லிக் கூட்டத்தையே சிரிக்க வைத்தார்! ஆனால் சமாதானம் செய்துகொள்ளாமல் அந்த நாளை முடிக்காதீர்கள் என்று கேட்டுக்கொண்டார்.

நாசரேத்தின் திருக்குடும்பமும் ஓர் உழைப்பாளர் குடும்பமே. குழந்தையைக் கோவிலில் காணிக்கையாக்கியபோது ஆட்டுக்குட்டிக்கு வசதியற்றவர்கள் தரும் பறவைக் காணிக்கையே அவர்கள் காணிக்கை. பன்னிரண்டு வயது மகனைக் காணாமல் மூன்று நாள் தேடினார்கள். கண்டபோது தாயின் முதல் சொல், ஏன் இப்படிச் செய்தாய் என்ற கேள்விதான். மகன் சொன்ன பதில் அவர்களுக்குப் புரியவில்லை என்றே நற்செய்தி கூறுகிறது. பிறகு மூவரும் ஒன்றாக வீடு திரும்பினார்கள்.

அன்பானவர்களே, அடுத்த முறை அழைப்பு மணி ஒலிக்கும்போது துணிக்குவியலை வேண்டுமானால் மறைத்துக்கொள்வோம். ஆனால் "நல்லா இருக்கீங்களா?" என்ற கேள்விக்கு, "இந்த மாசம் கொஞ்சம் கஷ்டம்தான் ஃபாதர், காலையில இருந்து ஒரே சண்டை, ஆனா சேர்ந்துதான் இருக்கோம்" என்று சொல்லிப் பார்ப்போமா? ஒருவேளை அவரும் வாய்விட்டுச் சிரிக்கலாம். அவரும் ஒரு வீட்டிலிருந்து வந்தவர்தானே!

குடும்பமாகச் சிந்திக்க:

1. நம் வீட்டின் எந்தக் கஷ்டத்தை வெட்கத்தால் மறைத்து வைத்திருக்கிறோம்? அதை யாரிடம் மனம்விட்டுச் சொல்லலாம்?

2. நம் வீட்டு மேசையில் குறைவாகச் சம்பாதிப்பவருக்கும், சம்பாதிக்க இயலாதவருக்கும் அதே மரியாதை கிடைக்கிறதா?

3. இன்று யாரோடு சமாதானம் செய்யாமல் தூங்கப் போகிறோம்?