வீதிக்கு வராத மாணவர்கள்

காரைக்காலை அடுத்த நிரவியில் ஓ.என்.ஜி.சி.யின் காவிரிப் படுகை அலுவலக வளாகம் இருக்கிறது. காரைக்கால்மேட்டு மீனவர் வீட்டுப் பையனும், திருநள்ளாற்றுப் பக்கம் வயல் வைத்திருப்பவர் மகளும், அந்த வளாகத்தில் வேலை கிடைக்காதா என்று பார்க்கும் பொறியியல் மாணவரும் சேர்ந்து படிக்கிற ஊர் இது. ஹைட்ரோகார்பன் (எண்ணெய், எரிவாயு) திட்டங்களுக்கு எதிரான போராட்டத்தில் இவர்கள் எல்லோரும் ஒரே குரலில் பேச வேண்டும் என்று எதிர்பார்ப்பது நியாயமில்லை.

2017 ஜனவரியில் ஜல்லிக்கட்டுக்காக மெரினாவில் கூடிய மாணவர்களை நாடே பார்த்தது. அடுத்த மாதமே நெடுவாசலில் ஹைட்ரோகார்பன் எதிர்ப்புப் போராட்டம். ஜூன் 30 அன்று கதிராமங்கலத்தில் எண்ணெய்க் குழாய்க் கசிவு. 2019 ஜூன் 23 அன்று இத்திட்டங்களுக்கு எதிராக மரக்காணம் முதல் ராமேஸ்வரம் வரை மனிதச் சங்கிலி நடந்தது.

இடையில் சேலத்தில் நடந்ததை மறக்கக் கூடாது. பெரியார் பல்கலைக்கழக இதழியல் மாணவி வளர்மதி, 2017 ஜூலையில் மகளிர் கல்லூரி அருகே நெடுவாசல், கதிராமங்கலம் போராட்டங்களை ஆதரித்துத் துண்டறிக்கை கொடுத்ததற்காகக் கைதானார். கையில் இருந்தது காகிதம்; பாய்ந்தது குண்டர் சட்டம். பல்கலைக்கழகமும் அவரை இடைநீக்கம் செய்தது. செப்டம்பரில் உயர் நீதிமன்றம் அந்தத் தடுப்புக்காவலை ரத்து செய்தது. அதற்குள் ஒரு மாணவியின் மாதங்கள் சிறையில் கழிந்துவிட்டன.

ஆகவே, ஒதுங்கி நிற்கும் மாணவரைக் கோழை என்று நான் சொல்லமாட்டேன். பாஸ்போர்ட்டுக்கும் அரசு வேலைக்கும் போலீஸ் விசாரணை உண்டு. வீட்டில் முதல் பட்டதாரி என்றால் ஒரு வழக்கு குடும்பத்தையே சாய்த்துவிடும். வசதியுள்ள வீட்டுப் பிள்ளை கொடுக்கும் விலையும் இவர் கொடுக்கும் விலையும் ஒன்றல்ல. ஆனால் சிறைக்குப் போனவரை 'படிக்கிற வேலையைப் பார்க்காதவர்' என்று ஏசுகிறவர்களோடு எனக்கு உடன்பாடே இல்லை. வீதியில் நின்றவர்களால்தான் 2020 பிப்ரவரியில், புதிய கிணறுகளைத் தடுக்கும் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டம் வந்தது.

அந்தச் சட்டம் தமிழ்நாட்டு எல்லையோடு நின்றுவிடுகிறது. எல்லையிலுள்ள வாஞ்சூரைத் தாண்டினால் காரைக்கால்; அங்கே புதுச்சேரி ஆட்சி. ஏற்கெனவே இயங்கும் கிணறுகளையும் அது தொடுவதில்லை. அதே ஆண்டு ஜனவரியில், ஆய்வுக் கிணறு தோண்டுவதற்கு முன் மக்கள் கருத்துக் கேட்புக் கூட்டம் தேவையில்லை என்று மத்திய அரசு விதியைத் திருத்தியிருந்தது. ஊர்வலத்துக்கு வர முடியாத காரைக்கால் மாணவர்கள் எடுத்துப் படிக்க வேண்டியவை இந்தச் சட்டமும் இந்த விதித் திருத்தமும்தாம். ஊர்வலம் போகிறவர்களுக்கு மனு எழுதித் தரவும் இவர்களால் முடியும்.